நம்பகமான தோற்றங்கள் மட்டும்

என் வீட்டுக்காரருக்குத் தெருவில் 'ஸ்டிக்கர்' என்று பெயர். வாசலில் வந்து நின்று "ஸ்டிக்கர் இருக்காரா?" என்றுதான் கேட்பார்கள். கல்யாணமான புதிதில் எனக்குச் சுருக்கென்றிருக்கும். இப்போது போனை எடுத்து நானே "ஸ்டிக்கர் குளிச்சிட்டு இருக்காருங்க" என்று சொல்லும் அளவுக்குத் தேறிவிட்டேன்.

வேன், லாரி, ஆம்புலன்ஸ், பள்ளிப் பேருந்து எதுவானாலும் அதன் உடம்பில் எழுத்தும் படமும் ஒட்டுவதுதான் அவர் தொழில். ஒட்டுவதைவிட அவர் பெருமைப்பட்டுக்கொள்வது உரிப்பதைத்தான். வண்டி கைமாறினால் பழைய முதலாளியின் பெயரை எடுத்தாக வேண்டும். சூடான காற்றை ஊதும் ஹீட் கன்னை ஒரு மூலையில் காட்டி, நகத்தால் மெல்லக் கிளப்பி, மடக்கிப் பிடித்து அங்குலம் அங்குலமாக இழுப்பார். வெடுக்கென்று இழுத்தால் ஸ்டிக்கரோடு பெயிண்டும் கையோடு வந்துவிடும். மிச்சப் பசையை மண்ணெண்ணெய்த் துணியால் துடைப்பார். அந்த வாசனையோடுதான் வீட்டுக்கு வருவார். "ஒட்டறதுக்கு ஆயிரம் பேர் இருக்கான். கோபம் வராம உரிக்கிறவன் ஒருத்தனைக் காட்டு பார்ப்போம்" என்பார். இந்தப் பொறுமையில் கால்வாசியை வீட்டுக்குக் கொண்டுவந்திருந்தால் நான் இன்னும் கொஞ்சம் சதை போட்டிருப்பேன்.

கடைக்குப் பெயர் 'அண்ணன் தம்பி ஸ்டிக்கர்ஸ்'. அண்ணன் இவர். தம்பி என் கொழுந்தன். கம்ப்யூட்டரில் எழுத்தை வடிவமைத்து, மெஷினில் வெட்டிக் கொடுப்பது தம்பி. அதை வாங்கி வண்டியில் சுருக்கம் விழாமல் ஒட்டுவது அண்ணன். ஒருவர் இல்லாவிட்டால் இன்னொருவருக்குக் கை ஒடிந்த மாதிரி. இரண்டு பேருக்கும் ஒரே மாதிரிப் பச்சைச் சட்டை, மஞ்சள் காலர், முதுகில் கடைப் பெயர். தூரத்திலிருந்து பார்த்தால் யார் யாரென்று எனக்கே குழம்பும்.

சில வருஷங்களுக்கு முன் இவர் ஒரு பேருந்தின் முதுகில் ஒட்டிக்கொண்டிருக்கும்போது ஏணியிலிருந்து விழுந்து காலை உடைத்துக்கொண்டார். கட்டிலோடு கட்டிலாக மாசக்கணக்கில் கிடந்தார். ஒரு இடத்தில் உட்காராத மனுஷனைப் படுக்க வைத்தால் வீடு என்ன பாடுபடும்? ஃபேன் ஓடினால் குளிர், நின்றால் புழுக்கம். நான் மூச்சு விட்டால்கூட அவருக்குச் சத்தம். கொழுந்தன்தான் வழி கண்டுபிடித்தார். ஒரு டேப்லட்டை வாங்கிவந்து அதில் ஒரு விளையாட்டைப் போட்டுக் கொடுத்தார். கட்டம் கட்டமாக மண்ணும் கல்லும் மரமும் உள்ள ஒரு உலகம். தோண்டலாம், அடுக்கலாம், வீடு கட்டலாம். இவர் டேப்லட்டிலும் கொழுந்தன் போனிலுமாக ஒரே உலகத்துக்குள் போய்விடலாம். ஐம்பது வயதில் இதென்ன கூத்து என்று நான் வாய்விட்டே சொன்னேன். ஆனால் அன்றிலிருந்து வீடு அமைதியானது. வாயை மூடிக்கொண்டேன்.

அந்த உலகத்தில் நாம் ஒரு பொம்மையாக நடமாடுவோம். எல்லோருக்கும் முதலில் ஒரே மாதிரி மொட்டைப் பொம்மையைத்தான் விளையாட்டு கொடுக்கும். வேண்டுமென்றால் நாமே குட்டிக் குட்டிக் கட்டங்களுக்கு நிறம் கொடுத்து, முகமும் உடுப்பும் வரைந்து அதற்கு மாட்டிவிடலாம். இவர் படுத்த வாக்கிலேயே தம்பிக்கு ஒரு தோற்றம் வரைந்தார். பச்சைச் சட்டை, மஞ்சள் காலர், முதுகில் 'த'. கொழுந்தன் கட்டில் விளிம்பில் உட்கார்ந்து இதே டேப்லட்டில் அண்ணனுக்கு ஒன்று வரைந்தார். அதே சட்டை, முதுகில் 'அ'. அந்த இத்துனூண்டு முதுகில் 'அ' எழுதுவது லேசுப்பட்ட காரியமில்லை. பூனை சுருண்டு படுத்த மாதிரி வந்தது. இரண்டு பேரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். கால் கட்டோடு இவர் சிரித்ததை அன்றுதான் பார்த்தேன்.

கால் கூடிய பிறகும் விளையாட்டு நிற்கவில்லை. கடை சாத்தி, குளித்து, விளக்கு வைக்கிற நேரத்துக்கு இருவரும் அவரவர் வீட்டில் உட்கார்ந்துகொண்டு உள்ளே போவார்கள். ஒரு துறைமுகம் கட்டிக்கொண்டிருந்தார்கள். சந்தித்தவுடன் இரண்டு பொம்மைகளும் ஒருமுறை குனிந்து நிமிரும். அதுதான் அவர்கள் வணக்கம்.

பிறகு அந்தப் பூட்டு விவகாரம் வந்தது. கடைப் பூட்டு துருவேறித் திறக்காமல் அடம்பிடித்ததால் இவர் புதுப் பூட்டு வாங்கிப் போட்டார். தம்பியிடம் சொல்ல மறந்துவிட்டார். மறுநாள் கொழுந்தன் முதலில் வந்து, தன் சாவியைப் போட்டு மல்லுக்கட்டி, திறக்க முடியாமல், வேலை கொடுக்க வந்த ஆட்கள் முன்னால் அசடு வழிய நின்றிருக்கிறார். இவர் வந்ததும், "எனக்கு ஒரு சாவி குடுத்திருக்கலாமேண்ணே" என்று கேட்டார். "உனக்கெதுக்குடா சாவி, நான்தான் வந்துடறேனே" என்றார் இவர். விகல்பமில்லாமல் சொன்னதுதான். கொழுந்தன் முகம் மாறிவிட்டது.

"அப்ப என்மேல நம்பிக்கை இல்லைன்னு சொல்லுங்க."

இந்த இடத்தில் ஒரு சாதாரண மனுஷன் 'அட லூசு' என்று சிரித்துவிட்டு சாவியை எடுத்துக் கொடுத்திருப்பான். என் வீட்டுக்காரர் சொன்னது: "அப்படித்தான்னா அப்படியே வெச்சுக்கோ."

அவ்வளவுதான். கொழுந்தன் இரண்டு தெரு தள்ளி 'தம்பி ஸ்டிக்கர்ஸ்' என்று தனிக்கடை போட்டார். பாதி போர்டைக் கழற்றிக்கொண்டு போய்விட்டார் என்று தெருவே சிரித்தது. ஸ்டிக்கர் கடைக்காரர்களுக்குள்ளே ஒட்டுமில்லை உறவுமில்லை என்றாகிவிட்டது. எதிரே வந்தால் ஒருவர் போனைப் பார்ப்பார், இன்னொருவர் வானத்தைப் பார்ப்பார். எங்கள் மகள் படிப்புக்காக வெளியூர் போன அன்றுகூட கொழுந்தன் வாசல் வரை வந்து, அவளிடம் மட்டும் பேசிவிட்டுத் திரும்பிவிட்டார்.

ஆனால் விளக்கு வைக்கிற நேரத்துக்கு இரண்டு பேரும் அந்த உலகத்துக்குப் போவதை மட்டும் விடவில்லை. இதைக் கேட்டால் யாரும் நம்பமாட்டார்கள். அங்கே பேச்சு கிடையாது, எழுத்து கிடையாது. பச்சைச் சட்டை இரண்டும் குனிந்து நிமிரும். ஒன்று கல் எடுத்துக் கொடுக்கும், இன்னொன்று அடுக்கும். துறைமுகம் நீண்டுகொண்டே போனது. நான் ஒருநாள், "நேர்ல பேசினா என்ன, முத்து உதிர்ந்திடுமா?" என்று கேட்டேன்.

"அவன் இன்னும் சட்டையைக் கழட்டலை, பாரு" என்றார்.

"அதனால?"

"அதனாலதான் சொல்றேன். முடிஞ்சுபோச்சுன்னு நெனைச்சிருந்தா கழட்டியிருப்பான்ல?"

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. இந்த மனுஷன் தினமும் கல் அடுக்கப் போகவில்லை. அந்தச் சட்டை இருக்கிறதா என்று பார்த்துவரப் போகிறார். அவர் தம்பி அவருக்கு இன்னும் தம்பிதான் என்பதற்கு வேறு சாட்சி அவரிடம் இல்லை. புரிந்ததைக் காட்டிக்கொள்ளாமல், சாப்பிட வாங்க என்றேன்.

இந்த வருஷம் விளையாட்டு தன்னைத்தானே புதுப்பித்துக்கொண்டு, மெனு எல்லாம் தமிழுக்கு மாறியது. இவருக்கு ஒரே குஷி. மாத்திரை அட்டையின் பின்பக்கத்தைக்கூட வரி விடாமல் படிக்கிறவர் ஆயிற்றே. கண்ணாடியை மாட்டிக்கொண்டு ஒவ்வொன்றாகப் படித்து, வேண்டியதை அமுக்கிக்கொண்டே வந்தார். நான் துணி மடித்துக்கொண்டிருந்தேன்.

"நம்பகமான தோற்றங்கள் மட்டும்னு ஒண்ணு இருக்கு. போடட்டுமா?"

"போடுங்க. நம்பகமில்லாதது நமக்கெதுக்கு?" என்றேன். நானும்தான் சொன்னேன், இல்லையென்று சொல்லவில்லை. அந்த வார்த்தையைப் படித்துவிட்டு வேண்டாம் என்று சொல்கிற குடும்பஸ்தன் எவனாவது உண்டா?

கொழுந்தனுக்கு அந்த வாரம் வேலை அதிகமோ என்னவோ, இரண்டு மூன்று நாள் உள்ளே வரவில்லை. வந்த அன்று இவர் "ஐயோ" என்றார். பாலோ தண்ணீரோ கொட்டிவிட்டது என்று நினைத்து ஓடிப்போனேன். டேப்லட்டை என் பக்கம் திருப்பினார். துறைமுகத்தில் ஒரு மொட்டைப் பொம்மை நின்றது. பச்சையும் இல்லை, மஞ்சளும் இல்லை. விளையாட்டு எல்லோருக்கும் கொடுக்குமே, அதே முகம். தலைக்கு மேலே மட்டும் தம்பி வைத்திருந்த பெயர். அது குனிந்து நிமிர்ந்தது.

இவர் குனியவில்லை.

"கழட்டிட்டான்" என்றார்.

"ஏதாவது தப்பா அமுக்கியிருப்பாரு. கேட்டுப் பாருங்களேன்."

"எதைக் கேக்கச் சொல்ற? அவனே கழட்டினதை நான் போய் மாட்டிக்கடான்னு கெஞ்சணுமா?"

வீம்பு வந்துவிட்டால் இவரிடம் பேசுவது சுவரோடு பேசுவது மாதிரி. நான் அடுப்பை அணைத்துவிட்டு வருவதற்குள் வேலையை முடித்துவிட்டார். தன் பொம்மையின் தோற்றத்தை எடுத்து, 'நீக்கு' என்பதை அமுக்கி, 'நிச்சயமாக நீக்கவா?' என்று அது கேட்டதற்கு 'ஆம்' என்று சொல்லியிருக்கிறார். ஊரான் வண்டியில் ஒட்டின எழுத்தை அரை நாள் உட்கார்ந்து நோகாமல் உரிக்கிற மனுஷன், தன் தம்பி தனக்கு வரைந்ததை ஒரே அமுக்கில் பிய்த்தெறிந்துவிட்டார். அதற்கு வேறு பிரதி கிடையாது. அன்று கட்டிலோரம் உட்கார்ந்து வரைந்த அந்த ஒன்றுதான்.

உலகத்துக்குள் திரும்பிப் போனார். இப்போது மொட்டையும் மொட்டையும் எதிரெதிரே நின்றன. தம்பியின் பொம்மை வெகுநேரம் அசையாமல் நின்றுவிட்டு மறைந்துபோனது. "பாத்தியா திமிரை" என்றார் இவர். அன்று ராத்திரி சாப்பாட்டைப் பிசைந்துகொண்டே இருந்தார். அதற்குப் பிறகு தம்பி உள்ளே வரவே இல்லை.

அண்ணன் தம்பிதான் பேசிக்கொள்வதில்லை. ஓரகத்திகள் எங்களுக்கென்ன வந்தது? காய்கறிக் கடையிலோ பஸ் நிறுத்தத்திலோ பார்த்துவிட்டால் நின்று ஆறு மாசக் கதையைப் பேசித் தீர்ப்போம். அந்த வாரம் தக்காளி பொறுக்கும் இடத்தில் அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள்.

"அக்கா, பெரியவரு ஏன் இப்படிப் பண்ணிட்டாரு? இவரு மூணு நாளா சரியாச் சாப்பிடலை."

"எங்க வீட்டுல மட்டும் என்ன, விருந்தா நடக்குது? முதல்ல கழட்டினது உன் வீட்டுக்காரர்தானே!"

"எதை?"

"அந்தச் சட்டையைத்தான். பச்சைச் சட்டை."

"அய்யோ, யாரு சொன்னா? இவரு எங்க கழட்டினாரு?" என்றவள் பையைக் கீழே வைத்துவிட்டு போனை எடுத்தாள். இவர் மொட்டையாய்ப் போய் நின்ற அன்று கொழுந்தன் 'அண்ணனைப் பாரு' என்று தன் போனைக் காட்டியபோது, என்னிடம் கேட்கலாம் என்று அதைப் படம் எடுத்து வைத்திருக்கிறாள். பார்த்தேன். ஒரு பக்கம் என் வீட்டுக்காரரின் மொட்டைப் பொம்மை. எதிரே பச்சைச் சட்டை, மஞ்சள் காலரோடு தம்பி. ஒரு கட்டம்கூட மாறவில்லை.

தக்காளியை வாங்கினேனா என்றுகூட நினைவில்லை. அந்தப் படத்தை என் போனுக்கு வாங்கிக்கொண்டு நேரே கடைக்குப் போனேன். இவர் ஒரு தண்ணீர் லாரியின் கதவை மண்ணெண்ணெய்த் துணியால் துடைத்துக்கொண்டிருந்தார். படத்தைக் காட்டினேன். துணியைக் கீழே வைத்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு மறுபடி பார்த்தார்.

"அவன் பார்க்கிறப்ப இருக்கு. நான் பார்க்கிறப்ப ஏன் இல்லை?"

வீட்டுக்கு ஓடி டேப்லட்டை எடுத்துவந்தேன். இரண்டு பேருமாக மெனுவை மேலிருந்து கீழே படித்தோம். 'நம்பகமான தோற்றங்கள் மட்டும்' என்ற இடத்தில் அவர் விரல் நின்றது. அதன் கீழே பொடி எழுத்தில் விளக்கம் இருந்தது. அன்று வரி விடாமல் படித்தவர் அந்தப் பொடியை மட்டும் விட்டிருக்கிறார். விளையாட்டுக்காரர்கள் தாங்களே தயாரித்துக் கொடுக்கும் தோற்றங்கள்தான் நம்பகமானவையாம். ஆட்கள் கையால் வரைந்துகொண்டவை அந்தக் கணக்கில் வராது. அவற்றை மறைத்து, மொட்டைப் பொம்மையாகக் காட்டுமாம். அதுவும் நம் கண்ணுக்கு மட்டும்.

"நாம வரைஞ்சது நம்பகமில்லையாம்" என்றேன்.

அவர் அந்தத் தேர்வைத் திருப்பி அணைத்தார். பிறகு அப்படியே ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார். "அவன் எதையும் கழட்டலை. கழட்டினவன் நான்தான்" என்றார். இதைச் சொல்லும்போது என்னைப் பார்க்கவில்லை, லாரிக் கதவைப் பார்த்துச் சொன்னார். எனக்குத் திட்ட ஆயிரம் வார்த்தை நாக்கு நுனியில் இருந்தது. எல்லாவற்றையும் விழுங்கிக்கொண்டு, கீழே கிடந்த துணியை எடுத்து மடித்து வைத்தேன்.

அன்று மாலை உலகத்துக்குள் போய்க் காத்திருந்தார். தம்பி வரவில்லை. மறுநாளும் வரவில்லை. துறைமுகத்தின் நுனியில் இவர் பொம்மை தனியாக நின்றதைப் பார்க்கச் சகிக்கவில்லை. மூன்றாம் நாள் காலையில் டேப்லட்டைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, "நீயும் வர்றியா?" என்றார். எங்கே என்று நான் கேட்கவில்லை.

'தம்பி ஸ்டிக்கர்ஸ்' வாசலில் ஒரு பள்ளி வேன் நின்றிருந்தது. கொழுந்தன் முட்டி போட்டு உட்கார்ந்து எழுத்து ஒட்டிக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்தார், தலையைத் தாழ்த்திக்கொண்டார். அண்ணன் இல்லாமல் தானே ஒட்டப் பழகிய கை. எழுத்துக்கடியில் அங்கங்கே காற்றுக் குமிழ். என் வீட்டுக்காரர் கண்ணில் அது படாமல் இருக்குமா? வாயைத் திறக்கப்போனார். நான் முழங்கையால் ஒரு இடி இடித்தேன்.

"நான் என்னோடதை அழிச்சுட்டேன்டா" என்றார்.

"பாத்தேன்."

"நீ அழிச்சுட்டேன்னு நெனைச்சுத்தான் அழிச்சேன்."

கொழுந்தன் நிமிர்ந்தார். "நான் எங்கண்ணே அழிச்சேன்?"

இவர் டேப்லட்டை நீட்டி, விரலால் அந்த வரியைக் காட்டினார். கொழுந்தன் படித்தார். பொடி எழுத்தையும் படித்தார். பிறகு நிதானமாகக் கேட்டார்.

"நம்பகமானது மட்டும்னு நீங்களே போட்டீங்களா?"

பூட்டுச் சண்டை நடந்த நாளிலிருந்து அந்த வார்த்தை இருவருக்கும் நடுவில் கிடந்தது. வாசலில் வேன் டிரைவர், உள்ளே மெஷின் சத்தம். எனக்கு மட்டும் எதுவும் கேட்கவில்லை. இந்த இடத்தில் பழைய குணத்துக்கு இவர் ஏதாவது வீறாப்பாகச் சொன்னால் இந்த ஜென்மத்துக்கு இது முடிந்தது என்று மட்டும் தெரிந்தது.

"போட்டேன்" என்றார். "அப்படிப் போட்டா முதல்ல உன்னைத்தான் மறைக்கும்னு எனக்குத் தெரியலைடா. அன்னைக்கும் தெரியலை."

கொழுந்தன் எழுத்தை அழுத்தித் தேய்க்கும் பிளாஸ்டிக் தகட்டை வேனின் பம்பர்மேல் வைத்தார். உள்ளே போய் ஒரு நாற்காலியைத் தூக்கிவந்து வெளிச்சம் விழும் இடத்தில் போட்டார்.

"உக்காருங்க."

இவர் உட்கார்ந்தார். கொழுந்தன் எதிரே ஒரு பெயிண்ட் டப்பாவைக் கவிழ்த்துப் போட்டு உட்கார்ந்து, டேப்லட்டை மடியில் வைத்துக்கொண்டு புதுத் தோற்றம் வரையும் பக்கத்தைத் திறந்தார். வேன் டிரைவர் எட்டிப் பார்த்து, "என் வண்டி என்னாச்சு?" என்றான். "டீ குடிச்சிட்டு வாங்க" என்று நான் அனுப்பிவைத்தேன்.

"பழைய மாதிரியே போட்டுடட்டுமா?" என்று கொழுந்தன் கேட்டார்.

"உனக்கு எப்படித் தெரியறனோ அப்படிப் போடு."

கொழுந்தன் நிமிர்ந்து பார்த்தார். எதிரே வந்தால் போனைப் பார்த்துக்கொண்டு போன மனுஷன் இப்போது அண்ணன் முகத்தை நேராகப் பார்த்தார்.

"கண்ணாடி எப்பண்ணே போட்டீங்க?"

"போன வருஷம்."

"காதோரம் இவ்வளவு நரைச்சுப் போச்சு."

"உனக்கு மட்டும் என்னவாம்."

கொழுந்தன் நரைக்கு ஒரு சாம்பல் நிறம் தேடி எடுத்தார். ஒரு கட்டத்துக்கு நிறம் கொடுப்பார், நிமிர்ந்து அண்ணனைப் பார்ப்பார். மறுபடி ஒரு கட்டம், மறுபடி பார்ப்பார். இவர் படம் பிடிக்க உட்கார்ந்த மாப்பிள்ளை மாதிரி கைகளை முட்டியில் வைத்துக்கொண்டிருந்தார். கண் இரண்டும் கலங்கியிருந்தது, துடைத்துக்கொள்ளவில்லை. வெயில் ஏறிக்கொண்டிருந்தது. சட்டை முடிந்தது, காலர் முடிந்தது, முதுகு முடிந்தது. கொழுந்தன் கொடுப்பதாகக் காணோம்.

"முடிஞ்சுதாடா?" என்று இவர் கேட்டார்.

"மூக்கு சரியா வரலைண்ணே. கொஞ்ச நேரம் அசையாம இருங்க."

அந்தப் பொம்மைக்கு மூக்கே கிடையாது. இரண்டு கண்ணும் ஒரு வாயும் வைத்தால் முகத்தில் இடம் தீர்ந்துவிடும். எத்தனை வருஷமாக விளையாடுகிறவர், என் வீட்டுக்காரருக்கு அது தெரியாதா என்ன? அசையாமல் உட்கார்ந்திருந்தார்.